பெருநாள் இல்லாத மாதத்தில் வந்த மன்னிப்பு

அந்தச் செய்தி வந்தபோது நான் மட்டன் ரோல்ஸுக்காக வரிசையில் நின்றுகொண்டிருந்தேன்.

சனிக்கிழமை காலையில் ரொறன்ரோவின் ஸ்கார்பரோவில் ஒரு தமிழ்க் கடைக்குள் நுழைந்தவர்களுக்குத் தெரியும், அது வரிசை இல்லை, சின்னத் தேர்த்திருவிழா. முன்னால் நின்ற அங்கிள் ஒரு கலியாண வீட்டுக்கே காணும்படி ரோல்ஸ் சொல்லிக்கொண்டிருந்தார். கொதிக்கிற எண்ணெயின் மணம் தலைமயிரில் ஏறிக்கொண்டிருந்தது. பொழுது போகாமல் போனை எடுத்துப் பார்த்தேன்.

கோலாலம்பூரில் இருக்கிற காக் யாத்தியிடமிருந்து ஒரு செய்தி. மலாயில் இருந்தது.

"செல்வி, நான் தெரிந்தும் தெரியாமலும் செய்த பிழைகளை மன்னித்துவிடு. உன் கையால் நான் உண்டதையும் குடித்ததையும் எனக்கு ஹலால் ஆக்கிவிடு. மனதில் ஒன்றும் வைத்திருக்காதே. பிள்ளையைக் கவனமாகப் பார்த்துக்கொள்."

"அன்ரி, உங்களுக்கு என்ன வேணும்?" என்று கவுண்டரில் நின்ற பிள்ளை கேட்டதும், "ஒண்டும் வேண்டாம்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தேன். அவ்வளவு நேரம் நின்று பிடித்த இடத்தைச் சும்மா விட்டுவிட்டு வந்தவளைப் பின்னால் நின்றவர்கள் பைத்தியம் என்றுதான் நினைத்திருப்பார்கள்.

மலாய்க்காரர்கள் நோன்புப் பெருநாளில் ஒருவரிடம் ஒருவர் மன்னிப்புக் கேட்பது வழக்கம். சாப்பிட்ட சாப்பாட்டுக்கும் கேட்பார்கள். ஒருவர் கையால் உண்டதை அவர் மனமாரத் தந்ததாகச் சொல்லிவிட வேண்டும். சொல்லாவிட்டால் அது மறுமைக்கும் சுமையாகத் தொடரும் என்பது அவர்கள் நம்பிக்கை.

ஆனால் பெருநாள் முடிந்து மாதக்கணக்காகியிருந்தது. பெருநாள் இல்லாத நாளில் இப்படிக் கேட்ட ஒரேயொரு மனிதரைத்தான் எனக்குத் தெரியும். அவர் அதற்குப் பிறகு திரும்பி வரவில்லை.

பத்துக் கணினி, பத்துச் சோகப்பாட்டு

கனடாவுக்கு வருவதற்கு முன் கோலாலம்பூரின் ஓரத்தில் சில வருடங்கள் காத்துக்கிடந்தேன் என்று இந்தத் தொடரில் முன்பே எழுதியிருக்கிறேன். அந்தப் பகுதிக்கு வாசகர் ஒருவர், "காத்துக்கிடந்தீர்கள் சரி, என்ன செய்துகொண்டு காத்துக்கிடந்தீர்கள்?" என்று கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. நான் மலாய்ப் பிள்ளைகள் இணையத்தில் காதலிப்பதைப் பார்த்துக்கொண்டு காத்துக்கிடந்தேன்.

காக் யாத்தி ஒரு தையல்கடைக்கு மேல்மாடியில் இணையக் கடை வைத்திருந்தார். காக் என்றால் மலாயில் அக்கா. என்னைவிடப் பத்து வயதாவது மூத்தவர். நான் முதல்முறை அங்கே போனது யாழ்ப்பாணத்துக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்ப. அனுப்பத் தெரியாமல் முழித்துக்கொண்டிருந்தவளைப் பார்த்து, பக்கத்தில் ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அடுத்த நாள் போனேன், அதற்கடுத்த நாளும் போனேன். பிறகு நான் போகாவிட்டால் ஆள் அனுப்பிக் கேட்கத் தொடங்கிவிட்டார்.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நானும் அவரும் பேசுவது மலாயில். ஆனால் என் நினைவில் அவர் யாழ்ப்பாணத் தமிழில்தான் பேசுகிறார். எனவே அப்படியே எழுதுகிறேன். மலாய் தெரிந்தவர்கள் சண்டைக்கு வரவேண்டாம்.

கடைக்குள் செருப்புப் போட்டுக்கொண்டு போக முடியாது. படிக்கட்டு முழுக்கப் பள்ளிக்கூடச் சப்பாத்துகள் கிடக்கும். உள்ளே கோப்பை நூடில்ஸின் மணமும் ஈரக் காலுறையின் மணமும் கலந்து நிற்கும். அதற்கு மேலே பாட்டு. அந்தக் காலத்துச் சமூகத் தளத்தில் ஒவ்வொருவரும் தன் பக்கத்தைத் தானே அலங்கரிப்பார்கள். மினுங்குகிற எழுத்து, கொட்டுகிற நட்சத்திரம், கறுப்புப் பின்னணியில் ஒரு சிவப்பு ரோஜா. பக்கத்தைத் திறந்த உடனே கேட்காமலே ஒரு காதல் தோல்விப் பாட்டு ஓடும். அந்த மாதிரி உருகுவதற்கு அவர்கள் ஜிவாங் என்று ஒரு பெயரே வைத்திருந்தார்கள். பத்துக் கணினியிலும் பத்து ஜிவாங் பாட்டு ஒன்றாக ஓடினால் எப்படியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். செத்த வீடு தோற்றுப்போகும்.

பக்கத்தின் அடியில் நண்பர்கள் எழுதிவிட்டுப் போக ஓர் இடம் இருக்கும். வெள்ளைக்காரப் பிள்ளைகள் அதில் என்ன எழுதினார்களோ தெரியாது. மலாய்ப் பிள்ளைகள் பந்துன் எழுதினார்கள். பந்துன் நாலு வரிக் கவிதை. முதல் இரண்டு வரியில் மழையும் வாழையும் வரும், அடுத்த இரண்டு வரியில் மனதிலிருப்பது வரும். கலியாணப் பேச்சுக்குப் போகிற பெரியவர்கள் சொல்கிற அதே பந்துனைத்தான், முகப்பரு போகாத பெடியன்கள் இருந்து எழுதிக்கொண்டிருந்தார்கள்.

ஒருவர் உன் பக்கத்துக்கு வந்து எழுதிவிட்டுப் போனால், நீ அவர் பக்கத்துக்குப் போய் எழுத வேண்டும். போகாவிட்டால் பெரிய மனத்தாங்கல். வலைப்பதிவுகள் வந்தபோதும் அதே கதைதான். வாசலில் ஸலாம் சொல்லி, "சும்மா எட்டிப் பார்த்தேன்" என்று ஒரு வரி எழுதிவிட்டுப் போவார்கள். பதிவை வாசித்தார்களா என்பது வேறு விஷயம். வந்தவர் வீட்டுக்குப் போகாமல் இருக்கக்கூடாது.

நான் மலாய் கற்றது இப்படித்தான். புத்தகத்தில் இல்லை, திரையில். அவர்கள் சொற்களை இரட்டிப்பாகச் சொல்லுகிறவர்கள். எழுதும்போது ஒருமுறை எழுதிப் பக்கத்தில் இரண்டு என்ற எண்ணைப் போட்டுவிடுவார்கள். உயிரெழுத்துகளை விழுங்கிவிடுவார்கள். அதுதான் மலாய் எழுதும் முறை என்று நானும் கனகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒருமுறை ஓர் அரசாங்க அலுவலகத்தில் அப்படி எழுதிக் கொடுத்தேன்; அங்கிருந்த அம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார்.

மத்தியானத்தில் கடையின் பின்பக்கச் சின்ன அடுப்பில் சமைப்பேன். காக் யாத்தி தானே போய்க் கோழி வாங்கிக்கொண்டு வருவார். இடியப்பமும் சொதியும் என்றால் அவருக்கு உயிர். சொதியை இடியப்பத்தில் ஊற்றுவதை விட்டுவிட்டுக் கோப்பையில் ஊற்றிக் குடிப்பார்.

பொழுது சாயும்போது, "போயிட்டு வாறன்" என்று பழக்கதோஷத்தில் தமிழில் சொல்லிவிட்டுத்தான் படியிறங்குவேன். அதற்கு என்ன அர்த்தம் என்று ஒருநாள் கேட்டார். சொன்னேன். "போறன் எண்டு மட்டும் சொல்லக்கூடாதோ?" என்றார். "கூடாது" என்றேன்.

மன்னிப்பின் நகல்

பெருநாள் கிட்டினால் கடையில் வேறு கூத்து. தென்னோலையில் பின்னிய சோற்றுப்பொதி மினுங்குகிற படம் ஒன்று வரும். அதன்கீழ் மன்னிப்பு. ஒருவர் எழுதியதை ஆயிரம் பேர் நகல் எடுத்து ஆயிரம் பேருக்கு அனுப்புவார்கள். அதற்கு முன்பு வீடு வீடாகப் போய், பெரியவர்களின் கையைப் பிடித்து, கண் கலங்கக் கேட்ட மன்னிப்பு இரண்டு விசையில் முடிந்துவிட்டது.

ஒருமுறை கலியாணமே ஆகாத ஒரு வாத்தியாரிடமிருந்து காக் யாத்திக்கு வந்த மன்னிப்பின் அடியில், "அன்புடன், டின் குடும்பத்தினர்" என்று இருந்தது. டின் என்று வேறு யாரோ அனுப்பியதைப் பெயரைக்கூட அழிக்காமல் அனுப்பியிருந்தார்.

"உந்தாளுக்குக் குடும்பம் எங்காலை வந்தது?" என்று காக் யாத்தி கத்தினார். "மன்னிப்பு என்ன போட்டோக்கொப்பியோ, செல்வி? நான் ஆருக்குப் பிழை செய்தனோ அவைக்குத்தான் நான் எழுதுவன். எழுத்துக்கு எழுத்து நானே தட்டி எழுதுவன்."

அப்படியேதான் செய்தார். ஒற்றை விரலால், ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக. பெருநாளுக்குப் பிறகும் ஒரு கிழமை எழுதிக்கொண்டிருப்பார்.

பெருநாள் இல்லாத நாளில் மன்னிப்புக் கேட்டவர் கடைக்குத் தினமும் வந்து பத்திரிகை வாசிக்கிற ஒரு பெரியவர். இருதய ஆபரேஷனுக்குப் போவதற்கு முதல்நாள் படியேறி வந்து, கணினி கணினியாகப் போய்ப் பிள்ளைகளிடம் கேட்டார். சத்தம் போடுகிறார்கள் என்று ஏசியதற்காக. என்னிடமும் கேட்டார். நான் கொடுத்த தேநீரையெல்லாம் ஹலால் ஆக்கச் சொன்னார். நான் சிரித்துக்கொண்டு சரி என்றேன். அவருடைய செருப்பைப் பிறகு அந்தப் படிக்கட்டில் நான் பார்க்கவில்லை.

பூனையைக் கொடுத்துவிட்டார்

இப்போது விளங்கியிருக்கும், ரோல்ஸ் கடையிலிருந்து நான் ஏன் ஓடி வந்தேன் என்று.

காரிலிருந்தே அழைத்தேன். போன் நிறுத்தப்பட்டிருந்தது. ரூஜ் பகுதியில் இருக்கிற எங்கள் வீட்டுக்கு வந்து மறுபடி அழைத்தேன். அதே பதில்தான்.

"உது சும்மா எல்லாருக்கும் அனுப்பின மெசேஜப்பா. நீர் ஏன் பதறுறீர்?" என்றார் இவர், என் வீட்டுக்காரர்.

"அவ எல்லாருக்கும் ஒண்டை அனுப்புற ஆளில்லை. என்ரை பேர் போட்டு எழுதியிருக்கிறா. பிள்ளையைப் பார் எண்டு எழுதியிருக்கிறா."

"அம்மா, ரிலாக்ஸ். மே பி ஹஜ்ஜுக்குப் போறாவோ தெரியாது" என்றாள் மகள் ஆரணி.

"ஹஜ்ஜுக்குப் போறதெண்டால் எனக்குச் சொல்லாமல் போவாவோ? அது அவவின்ரை வாழ்க்கையிலை பெரிய விஷயம்."

அதுமட்டும் இல்லை. சில மாதங்களுக்கு முன்பு, மார்பில் ஒரு கட்டி, பரிசோதனைக்குக் கொடுத்திருக்கிறேன் என்று சொல்லியிருந்தார். பிறகு நான் கேட்டபோதெல்லாம், "எல்லாம் ஓகே, எல்லாம் ஓகே" என்று பேச்சை மாற்றினார். பேச்சை மாற்றுகிறவர்களை நான் நம்புவதில்லை. நானும் மாற்றுகிறவள்தான்.

ஆரணி என் பக்கத்தில் உட்கார்ந்து காக் யாத்தியின் சமூக வலைப் பக்கத்தைத் திறந்தாள். கடைசியாகப் போட்டிருந்த படத்தில் அவருடைய பூனை பக்கத்து வீட்டுப் பெண்ணின் மடியில் இருந்தது. "என் செல்லத்தை நல்ல கையில் ஒப்படைத்துவிட்டேன். அழாதே கண்ணா" என்று எழுதியிருந்தார்.

பூனையைக் கொடுத்துவிட்டார்.

அன்று சமையல் இல்லை. இவர் பாணும் சம்பலும் வைத்துச் சாப்பிட்டார். நான் பழைய காலத்தைத் தோண்டிக்கொண்டிருந்தேன். அந்த முதல் சமூகத் தளம் எப்போதோ மூடப்பட்டுவிட்டது. ரோஜாவும் நட்சத்திரமும் பந்துனும் எல்லாம் அதோடு போய்விட்டன. காக் யாத்தியின் வலைப்பதிவு மட்டும் எப்படியோ இன்னும் இருந்தது. பல வருடமாக எழுதாத பதிவு. அதன் ஓரத்தில், வந்துபோகிறவர்கள் எழுதுகிற சின்னப் பெட்டியும் இருந்தது. அதில் எழுதினேன்: "ஸலாம் காக். எட்டிப் பார்த்தேன். நீங்கள் இருக்கிறீர்களா?"

எழுதி முடித்த பிறகு மேசையில் தலையை வைத்து அழுதேன். எனக்கு ஊரில் அக்கா இல்லை. கோலாலம்பூரில் ஒரு மாடிப்படியில் ஏறித்தான் ஓர் அக்காவைக் கண்டுபிடித்தேன். அவர் போகிறார், நான் உலகத்தின் மறுபக்கத்தில் உட்கார்ந்து பெட்டியில் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

டக்ட் கிளீனிங்

ஞாயிறு பின்னேரம் போன் அடித்தது. தெரியாத உள்ளூர் எண். ரொறன்ரோவில் தெரியாத உள்ளூர் எண் என்றால் என்ன என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. வீட்டுக் காற்றுக் குழாயைத் துப்புரவு செய்து தருகிறோம் என்று ஒருவர் தேனாகப் பேசுவார். என் மனநிலைக்கு அன்று அவர்தான் வந்து மாட்டினார்.

"நோ டக்ட் கிளீனிங்!" என்று கத்தினேன். "டோன்ட் கால் திஸ் ஹவுஸ் அகெய்ன்!"

"செல்வி, ஏன் என்னை ஏசுறாய்?" என்று மறுபக்கத்தில் ஒரு குரல் மலாயில் கேட்டது.

நான் நிலத்தில் இருந்துவிட்டேன். நாற்காலி பக்கத்தில்தான் இருந்தது, அது கண்ணில் படவில்லை.

"காக்? எங்கை நிக்கிறீங்கள்? ஆஸ்பத்திரியிலையோ?"

"என்ன ஆஸ்பத்திரி? ஒஷாவாவிலை நிக்கிறன். ஹக்கிமின்ரை வீட்டிலை. இஞ்சை ஏன் இவ்வளவு குளிருது? கோடை எண்டல்லோ சொன்னவன்."

ஹக்கிம் அவருடைய ஒரே மகன். அவன் பக்கத்து நகரமான ஒஷாவாவில் படித்துக்கொண்டிருந்தது எனக்குத் தெரியும். இரண்டொரு தடவை வீட்டுக்கும் வந்திருக்கிறான். ஆனால் அவன் போன் எண்ணை மாற்றியிருந்ததால் அவனிடம் விசாரிக்க எனக்கு வழி இருக்கவில்லை. அவனுடைய பட்டமளிப்புக்கு அம்மா வந்திருக்கிறார். எனக்குச் சொல்லக்கூடாது என்று மகனிடம் சத்தியம் வாங்கியிருக்கிறார். சொன்னால் நான் ஒரு கிழமைக்கு முன்பே சமைக்கத் தொடங்கிவிடுவேனாம்.

"அப்ப அந்த மெசேஜ் என்னத்துக்கு?" என்றேன்.

"பிளேன் ஏறப்போறனே! இவ்வளவு தூரம் நான் எப்ப பறந்தனான்? தூரப் பயணம் போற ஆள் எல்லாரிட்டையும் மன்னிப்புக் கேட்டிட்டல்லோ போகவேணும். உனக்குச் சொல்லாமல் வாறதுதான் பிளான். ஆனால் உன்னட்டைக் கேக்காமல் எப்பிடி ஏறுறது? உன்ரை கையாலை திண்ட அளவு நான் என்ரை அம்மான்ரை கையாலைகூடத் திண்டிருக்கமாட்டன்."

அழுதுகொண்டே ஏசினேன், ஏசிக்கொண்டே சிரித்தேன். அடுப்படியிலிருந்து ஓடி வந்த இவர் நான் நிலத்தில் கிடப்பதைப் பார்த்துப் பயந்து, பிறகு என் முகத்தைப் பார்த்துத் தானும் நிலத்தில் இருந்தார். "தலைக்கு வந்தது தலைப்பாகையோடை போச்சு" என்றார். இவர் பழமொழி சொன்னால் எனக்கு எரிச்சல் வரும். அன்று வரவில்லை. அப்படியொரு நிம்மதியை நான் கனகாலமாக அனுபவித்ததில்லை.

மேசையில்

அடுத்த சனிக்கிழமை வந்தார்கள். படியில் செருப்பைக் கழற்றிவைத்த விதத்திலேயே ஆளை அடையாளம் கண்டுகொண்டேன்; ஒன்றுக்கு மேல் ஒன்றாக வைக்கிற பழக்கம் போகவில்லை. தலைத்துணிக்குள் முகம் கொஞ்சம் வற்றியிருந்தது. கட்டி வெறும் கொழுப்பாம். "அப்ப ஏன் பேச்சை மாத்தினீங்கள்?" என்றேன். "விசா அலுவலிலை திரிஞ்சனான். ரெண்டு வசனம் கூடக் கதைச்சால் உளறிவிடுவன் எண்டு பயம்" என்றார். பூனையும் அவர் திரும்பிப் போகும்வரைக்கும்தான் பக்கத்து வீட்டில்.

ஹலால் கடைக் கோழி, இடியப்பம், சொதி. சொதியைக் கோப்பையில் கேட்டு வாங்கிக் குடித்தார். ஆரணி ஆவென்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

நான் அனுப்பிய செய்திகளையெல்லாம் ஹக்கிம் அம்மாவின் போனில் வாசித்துச் சிரித்துக்கொண்டிருந்தான். "அன்ரி, நீங்கள் எழுதுற மலாயை இப்ப ஒருத்தரும் எழுதுறேல்லை. அம்மான்ரை காலத்துச் சாட் பாஷை இது. ஆனால் அதுவும் இப்ப திரும்பி வந்திட்டுது. என்ரை வயசுக்காரர் அந்த மினுங்குற எழுத்தையும் ஜிவாங் பாட்டையும் தேடிப் பிடிச்சு வீடியோவிலை போடுறாங்கள். பெரிய ட்ரெண்ட்."

"மன்னிப்பு?" என்று கேட்டேன்.

"அது இப்ப ஸ்டிக்கர்."

காக் யாத்தி தலையிலடித்துக்கொண்டார். பிறகு கோப்பையைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"நீ கனடாவுக்குப் போற அண்டு நான் ஏர்போர்ட்டுக்கு வந்தனான், ஞாபகமிருக்கோ? நீ மன்னிப்புக் கேப்பாய், நானும் கேக்கலாம் எண்டு பாத்துக்கொண்டு நிண்டன். நீ கேக்கேல்லை. கடையிலை சொல்லுற மாதிரி, அதே சொல்லைச் சொல்லிப்போட்டுப் போயிட்டாய்."

எனக்கு ஞாபகம் வந்தது. போயிட்டு வாறன்.

"முதல் கொஞ்சம் மனவருத்தம்தான். பிறகு யோசிச்சன், திரும்பி வாறவள் ஏன் மன்னிப்புக் கேக்கவேணும் எண்டு. வருவாய், வருவாய் எண்டு பாத்தன். நீ வரேல்லை." அவர் என் கையைப் பிடித்தார். "வந்தவை வீட்டுக்குப் போகாமல் இருக்கக்கூடாது. அதுதான் நான் வந்தன்."

அவர் தட்டில் இடியப்பம் இன்னும் இரண்டு வைத்தேன்.

வெளிக்கிடும்போது வாசலில் நின்று, செருப்பைப் போட்டுக்கொண்டு, என் இரண்டு கையையும் பிடித்தார். அடுத்த கிழமை திரும்பவும் பிளேன். அந்தப் பழைய வாக்கியம் அவர் வாயில் தொடங்குவது தெரிந்தது. மன்னித்துவிடு, செல்வி, உண்டதையும் குடித்ததையும் என்று.

"சொல்லாதேங்கோ" என்றேன். "நான் ஹலால் ஆக்கமாட்டன். இஞ்சை திண்டது கடனாய் அப்பிடியே இருக்கட்டும். எங்கடை ஆக்கள் வாசலிலை என்ன சொல்லுறவை எண்டு உங்களுக்குத் தெரியும்."

காக் யாத்தி கொஞ்சம் யோசித்தார். ஹக்கிம் காரைக் கிளப்பிவிட்டுக் காத்திருந்தான். பிறகு, ஒரு சொல்லும் பிசகாமல், தமிழில் சொன்னார்.

"போயிட்டு வாறன்."

"வாங்கோ" என்றேன்.